சிவப்புக் காசு

வெர்லின் டாக்கெட் நாஷ்வில்லுக்குப் போய் இசைத்தட்டு பதிய டூயி ஸ்டாம்பரிடம் இருபது டாலர் கடன் வாங்கியிருந்தான்; இன்னும் திருப்பித் தரவில்லை. டூயி மூன்றாம் வகுப்போடு சுரங்கத்தில் இறங்கியவர். கென்டக்கியின் அந்த மலையில் தன் கையாலேயே மரம் அறுத்துச் சாப்பாட்டுக் கடை கட்டியவர். இருவரும் தேவாலயத்தில் சேர்ந்து பாடிய காலத்தில் சனம் சொக்கிப்போனது அவர் குரலுக்குத்தான்.

இப்போதோ அவர் கடையில், காசு போட்டால் பாடும் பெட்டியில், வெர்லினின் சோகப்பாட்டு. சோளரொட்டி ஆறுவதுகூடத் தெரியாமல் சுரங்கத்து ஆட்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

டூயிக்கு வயிறு எரிந்தது. கூட்டமில்லாத நேரத்தில் பெட்டியை ஓடவிடுவதற்கென்று நகப்பூச்சால் சிவப்படித்த காசுகள் கடைக்காரரிடம் இருக்கும். அவற்றைப் போட்டு வாரம் முழுக்க வேறு பாட்டுகளையே ஓடவிட்டார்.

"டூயிண்ணே, காசு எங்ககிட்டயும் இருக்கு!" என்று ஆட்கள் வீம்புக்கு வெர்லின் பாட்டுக்கே காசு போட்டார்கள்.

சனிக்கிழமை பெட்டிக்குச் சொந்தக்காரர் வந்து திறந்தார். சிவப்புக் காசுகளை ஒதுக்கினார்.

"இது உங்களோடது, கணக்குல வராது. மத்ததுல பாதி உங்களுக்கு. இந்த அளவுக்கு என்னைக்கும் விழுந்ததில்ல. எல்லாம் வெர்லின் பாட்டுக்குத்தான்."

"அவன் மூக்கால பாடுறான்யா!"

"மூக்கால பாடினா என்ன, அவன் கடன் அடையுதுல்ல?" என்று அடுப்படியிலிருந்து மனைவி ஓவலீன் சிரித்தாள்.

டூயி கையை நீட்டினார். இருபது டாலரும் அதற்கு மேல் முப்பது சென்டும் அந்தக் கையில் எண்ணி வைக்கப்பட்டன.