நபீஸா தோற்ற மாலை

பர்மாவில், லத்தா பேட்டையில் இருக்கும் எங்கள் துணிக்கடைக்குள் ஒருவன் கத்தியோடு நுழைந்து கல்லாவை அள்ளிக்கொண்டு போன நாளிலிருந்து என் மனைவி நபீஸா கடைப் படி ஏறவில்லை. கத்தரிக்கோலைக் கண்டாலே அவளுக்குக் கை உதறும். வீட்டில் காய் நறுக்குவதும் நான்தான்.

அப்படிப்பட்டவள், தின்கன்ஜூன் பேட்டையில் ஜப்பானிய வாள் பள்ளி ஒன்றில் சேர்ந்துவிட்டு வந்து நின்றாள். "அடுத்த தடவை எவனாவது வந்தா வெட்டிப் போட்டுருவியோ?" என்று கிண்டல் செய்தேன்.

"இந்தப் பயம் போகாம நான் கடைக்கு வரமாட்டேன், பாத்துக்கோங்க," என்றாள்.

சில வருஷம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை என்னையும் கூட்டிப்போனாள். அங்கே இருவர் இருவராக மரவாளோடு பயில்கிறார்கள். மூத்த மாணவர் வெட்ட வரவேண்டும். இளையவர் அதை விலக்கி, மூத்தவரின் நெற்றிக்கு மேல் தன் வாளை நிறுத்தவேண்டும். வித்தை தெரிந்தவர்தான் எப்போதும் தோற்கவேண்டும் என்பது அந்தப் பள்ளியின் வழக்கமாம். அன்று முதன்முறையாகத் தோற்கும் இடம் நபீஸாவுக்கு. இத்தனை வருஷம் படித்தது வெட்டு வாங்கவா என்று எனக்கு எரிச்சல்.

எதிரே கோ தூரா என்ற பர்மிய இன்ஜினியர், ஆறடி ஆள். நபீஸா அவன் தோளுக்குக்கூட வரமாட்டாள். அவள் வெட்டப் பாய்ந்தாள். அவன் விலக்கிவிட்டு மரவாளை இறக்கினான். அவள் முக்காட்டுக்கு ஒரு முழம் முன்னாலேயே நிறுத்திவிட்டான். பாவம், அவனுக்கும் பயம். அப்பாடா என்றிருந்தது எனக்கு.

நபீஸா தலையை ஆட்டினாள். "இப்படிப் பயந்தா நீ எப்படிக் கத்துக்குவ? இன்னும் கிட்ட வா," என்று பர்மிய மொழியில் சொன்னாள்.

கத்தரிக்கோலுக்கு நடுங்கியவள் சொல்கிறாள் இதை! வாள் மறுபடி இறங்கியது. நான் கண்ணை இறுக மூடிக்கொண்டேன். சத்தமே இல்லை. திறந்து பார்த்தால், அவள் நெற்றிக்கு மேலே ஒரு விரல் இடைவெளியில் மரவாள் நிற்கிறது. அவள் இமைகூட அசையவில்லை. யா அல்லாஹ், இவளோடா இத்தனை காலம் குடித்தனம் நடத்தினேன் என்று மலைத்துப்போனேன்.

மறுநாள் காலை அவளும் கடைக்கு வந்தாள். இடுப்பில் கட்டும் தமெய்னுக்குத் துணி கேட்டு ஒரு பர்மிய அம்மா வந்தார். நான் பழைய ஞாபகத்தில் நபீஸாவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு துணியை வெட்டப் போனேன்.

"கத்தரிக்கோலை இங்க குடுங்க."

கை எட்டிய மட்டும் தள்ளி நின்று நீட்டினேன்.

"இன்னும் கிட்ட வாங்க," என்றாள் நபீஸா.