வேட்டுக்கு முழிக்காத பிள்ளை

என் மகன் மூன்று வயது முடியும்வரை ‘ம்மா’ தவிர வேறொரு சொல் பேசவில்லை. அந்த மூன்று வருடமும் என் ஓரகத்தியின் வாய் ஓயவில்லை. வத்தலக்குண்டுப் பக்கம், மல்லிகைத் தோட்டத்தை ஒட்டி இரண்டு குடும்பத்துக்கும் ஒரே வீடு. பூப் பறிக்க வரும் பெண்களிடமெல்லாம் சொல்வாள்: “தாய்க்காரி செல்லையே நோண்டிக்கிட்டு இருந்தா பிள்ளை எங்கிட்டுப் பேசும்?” என் மகனை அவள் கூப்பிடுவதே ‘ஊமைக்கோட்டான்’ என்றுதான். என் கணவருக்கு அண்ணன் மனைவி. எதிர்த்துப் பேசினால் நான்தான் வாயாடி ஆவேன். பல்லைக் கடித்துக்கொண்டு இருந்தேன்.

செவ்வாய்க்கிழமைதோறும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு திண்டுக்கல்லுக்குப் பஸ் ஏறினேன். பேச்சுப் பயிற்சி கொடுத்த அம்மா முதலில் அவன் காதைச் சோதித்தார், நன்றாகக் கேட்டது. எந்த வயதில் பிள்ளை என்ன செய்ய வேண்டும் என்று எனக்கும் சொல்லித் தந்தார். ஆறேழு மாதத்தில் சத்தம் வந்த பக்கம் தலை திரும்ப வேண்டும். ஒரு வயதில் பேர் சொன்னால் திரும்பிப் பார்த்து, ஒன்றிரண்டு சொல்லாவது சொல்ல வேண்டும். இரண்டு வயதில் ‘பால் தா’ என்று சொற்கள் சேர வேண்டும். எனக்கு அதெல்லாம் மனப்பாடமாகிவிட்டது. மூன்றரை வயதில் என் மகன் வாயைத் திறந்தான், இன்றுவரை மூடவில்லை. ஓரகத்தி அதற்கும் விடவில்லை. “இம்புட்டு வாய் ஆகாதுத்தா” என்றாள்.

அதற்குள் அவளுக்கு ஒரு மகள் பிறந்திருந்தாள். ஊர்த் திருவிழாவில் எங்கள் வாசலிலேயே வேட்டுப் போட்டார்கள். தெருவில் இருந்த கைக்குழந்தைகள் எல்லாம் வீறிட்டன. அவளுடைய எட்டு மாதப் பிள்ளை தொட்டிலில் அசையாமல் தூங்கியது.

“எம்பிள்ளை சமத்து. வேட்டுக்கே முழிக்கலை பாருங்க!” என்று விருந்தாளிகளிடம் ஒரே பெருமை.

எனக்குப் புரிந்துவிட்டது. மறுநாள் அந்தப் பிள்ளை உட்கார்ந்து விளையாடும்போது, பின்னால் நின்று எவர்சில்வர் தட்டைக் கீழே போட்டேன். அது திரும்பவில்லை.

நான் யாரிடமும் சொல்லவில்லை. வாய்வரை வந்தது, அவள் என் மகனைக் கூப்பிட்ட பேரை நினைத்துக்கொண்டு விழுங்கிவிட்டேன். மனசு குளிர்ந்தது, அதை மறைக்க மாட்டேன்.

மகளுக்கு ஒரு வயது தாண்டியதும் அவளே என்னிடம் வந்தாள். குரல் இறங்கியிருந்தது. “ஏத்தா, பேரைச் சொல்லிக் கூப்டா திரும்ப மாட்டேங்குறா. டாக்டர்ட்ட காட்டிருவமா?”

“பயப்படாதீங்கக்கா. நம்ம வீட்டுப் பிள்ளைக எல்லாம் லேட்டாத்தான் பேசும். எம்மகனைப் பாக்கலையா?” என்று சொல்லி அவள் கையையும் பிடித்துக்கொண்டேன்.

இன்னும் ஏழு மாதம் போனது. கடைசியில் அவள் கணவர் பிடிவாதமாக மதுரைக்குக் கூட்டிப் போனார். துணைக்கு நானும் போனேன். சோதித்துப் பார்த்த டாக்டர், இரண்டு காதும் கேட்கவில்லை என்றார். இவ்வளவு நாள் வீட்டில் வைத்துக்கொண்டு என்ன செய்தீர்கள், முன்பே கருவி மாட்டியிருந்தால் பேச்சு எவ்வளவோ எளிதாக வந்திருக்குமே என்று திட்டினார்.

ஓரகத்தி என் தோளில் சாய்ந்து அழுதாள். “நான் அப்பவே பதறுனேன் டாக்டர். இவதான் தைரியம் சொல்லிச் சொல்லி என்னைத் தேத்துனா.”

அவள் அழுததற்காக எனக்கு இன்றும் வருத்தமில்லை. ஆனால் அவள் இடுப்பில் இருந்த பிள்ளை என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தது, நான் ஏதாவது சொல்வேன் என்று.