முத்தம்மா வீட்டு ரோஜாநிறச் சுவர்

ஒளிப்பதிவாளர் ஜெகதீசனுக்கு நின்ற இடத்தில் நிற்கத் தெரியாது. வடசென்னைக் காத்திவாக்கத்து மீனவக் குடும்பத்தில் பிறந்தவர். கல்யாண வீடியோவில் தொடங்கிக் குறும்படங்களுக்கு வந்து, பெரிய நிறுவனங்கள் எட்டிப்பார்க்காத மூன்று சிறு படங்களை எடுத்து முடித்தவர். விளக்கு வைக்கமாட்டார், கேமராவைத் தோளைவிட்டு இறக்கமாட்டார். உப்பு அரித்த சுவர், துருவேறிய தகரம், புகைக்குள் நுழைந்து மங்கிய வெயில் இவற்றையே அவருடைய பாணி என்று திரைப்பட விழாக்களில் கொண்டாடினார்கள். நான்காம் படத்துக்கு இயக்குநர் வெற்றி அவரைத் தேடி வந்ததும் அதற்காகத்தான்.

ஜெகதீசன் தாம் பிறந்த தெருவையே தேர்ந்தெடுத்தார். அக்காள் முத்தம்மாவின் காரை உதிர்ந்த சுவரைப் பார்த்த வெற்றி, முக்கியமான காட்சியை அதன் முன்னால்தான் எடுக்கவேண்டும் என்றார்.

படப்பிடிப்பன்று வண்டியைவிட்டு இறங்கியவர்கள் திகைத்துப்போனார்கள். சினிமாக்காரர்கள் வருகிறார்கள் என்று தெருவே கூடிப் புதுவண்ணம் பூசியிருந்தது. எங்கும் கிளிப்பச்சையும் நீலமும். முத்தம்மாவின் சுவரோ கண்ணைப் பறிக்கும் ரோஜாநிறம், ஈரம்கூடக் காயவில்லை.

"இன்னாக்கா இப்டி பண்ணி வெச்சிக்கீற?"

"ஊரே பாக்கப்போற வூடு, கலீஜாவா வுட்டுவெப்பாங்க? நானே ஏணி ஏறி அடிச்சேன்டா. இடுப்பு போச்சு!"

வெற்றி, கரியும் தேயிலைச் சாயமும் கரைத்த வாளியைக் கொண்டுவரச் செய்தார். "அடிச்சிடலாம் சார், பழசாயிடும். இல்லன்னா வேற தெரு, வேற கேமராமேன்னு தயாரிப்பாளர் ஆரம்பிச்சிடுவார்."

எத்தனையோ வீட்டுச் சுவர்களை அப்படிப் பழசாக்கியவர்தாம் ஜெகதீசன். இன்று கை எழவில்லை. பூசாவிட்டால் படம் போய்விடும். பூசினால் அக்காள் முகத்தில் எப்படி விழிப்பது? தெருவின் இரு முனைகளுக்கும் இடையே நடந்துகொண்டே இருந்தார். வெயில் ஏறியது. வெற்றி கடிகாரத்தைப் பார்த்தார். முத்தம்மா வாளியைப் பார்த்தார்.

எதிர்வீட்டு இருண்ட வாசலில் நடிகை மகிமா காத்திருந்தார். அவரைக் கடக்கையில் ஜெகதீசன் திரும்பிப் பார்த்தார். ரோஜாச் சுவரில் பட்ட வெயில், குறுகிய தெருவைத் தாண்டி மகிமாவின் முகத்தில் விழுந்துகொண்டிருந்தது. சற்றுமுன்தான் அழுது முடித்தவரைப் போல அந்த முகம் சிவந்து தெரிந்தது.

அவ்வளவுதான், அக்காளின் சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டு, கேமராவை மகிமாவை நோக்கித் திருப்பினார். காட்சி முடிந்தபோது வெற்றியே வாளியை ஓரமாகத் தள்ளிவைத்தார்.

முத்தம்மா கேமராவின் சிறு திரையை எட்டிப்பார்த்தார். "என் செவுரு எங்கடா?"

"மூஞ்சில வெளிச்சம் கீதுல்ல? அது உன் செவுருதான்க்கா."

"மூஞ்சிய யார்ரா கேட்டா? செவுரு எங்க?"

"உன் தம்பி முதுவுல கீது பாரு!" என்றார் பக்கத்து வீட்டுத் தேசப்பன். தெருவே சிரித்தது. ஜெகதீசனுக்குச் சிரிப்பு வரவில்லை. எதிர்வாசலுக்குப் போய்ச் சுவரைப் பார்த்துக் கேமராவைத் தூக்கினார்.

"இது கதையிலேயே இல்லையே சார்?" என்றார் வெற்றி.

"செவுராண்ட நில்லுக்கா."

"நான் எதுக்கு? மறைக்கும்" என்று ஒதுங்கிய முத்தம்மா, தம்பியின் முதுகு பட்டுக் கலைந்திருந்த இடத்தை அப்போதுதான் கண்டார்.

"அய்ய, கலீஜா தெரியுமே!" என்று ஓடிவந்து, அதை மறைத்துக்கொண்டு நிமிர்ந்து நின்றார்.