பார்த்தவர் யார்

பேராசிரியருக்கு மாணவர்கள் வைத்த பெயர் வாள் வாத்தியார். பத்தொன்பதாம் நூற்றாண்டு பிரெஞ்சு நாவல்களில் வரும் துவந்த யுத்தங்கள்தான் அவருடைய ஆராய்ச்சி. மானம் போனதென்று இரண்டு கனவான்கள் விடியற்காலையில் திடலில் நின்று சுட்டுக்கொள்வார்கள், குத்திக்கொள்வார்கள். எந்தப் புத்தகத்தில் யார் குடல் சரிந்தது என்று கேட்டால் புரட்டிப் பார்க்காமல் சொல்வார். ஆனால் சவரம் செய்யும்போது கன்னத்தில் கீறல் விழுந்தால் தலை சுற்றி உட்கார்ந்துவிடும் ஆசாமி.

அவர் கண்டுபிடித்ததாக நினைத்தது ஒன்றுதான். சண்டை போடுகிறவர்கள் முக்கியமில்லை. இரு தரப்பிலும் கூட வந்து நிற்கும் சாட்சிகள்தான் முக்கியம். எல்லை மீறினால் தடுப்பது அவர்கள். நடந்ததை ஊருக்குச் சொல்வதும் அவர்கள். சாட்சி இல்லாவிட்டால் அது வெறும் கொலை. இதை வகுப்பில் மேசையைத் தட்டித் தட்டிச் சொல்வார்.

தங்கை வீட்டில் நடந்ததற்குச் சாட்சியே கிடையாது. அவள் கணவன் இரும்புக் கடைக்காரன். கதவைத் தாழிட்டு, ரேடியோவை அலறவிட்டுத்தான் கை ஓங்குவான். ஒருமுறை தோள் எலும்பு, ஒருமுறை காது. கேட்டவர்களிடமெல்லாம் குளியலறையில் வழுக்கிவிட்டது என்பாள். இந்த முறை அண்ணன் போனபோது இடது கண் வீங்கி மூடிக் கிடந்தது. கொத்தாக முடி பிய்ந்த இடத்தில் ரத்தம் காய்ந்திருந்தது.

"வழுக்கிடுச்சுண்ணா."

"எங்கிட்டயுமா? வா, போலீஸ்ல சொல்லலாம்."

"யாரு பாத்தா? நான் சொன்னா யாரு நம்புவா? விடுண்ணா."

பேராசிரியர் வெளியே வந்தார். நேராகத் தெருவைக் கடந்து எதிரே இருந்த இரும்புக் கடை வாசலில் போய் நின்றார். நாவல்களில் கையுறையை வீசிச் சண்டைக்கு அழைப்பார்கள். கையுறைக்கு இவர் எங்கே போவார். தொண்டை கிழியக் கத்தினார்.

"மாப்பிள்ளை, என் தங்கச்சிய ஏன் அடிச்சீங்க? தெருவே கேக்கட்டும், சொல்லுங்க."

"உள்ள வாங்க மச்சான், பேசிக்கலாம்."

"உள்ள வேண்டாம். இங்கயே."

அவன் விட்ட முதல் குத்தில் மூக்குக்கண்ணாடி நொறுங்கிப் புருவத்தில் ஏறியது. அடுத்ததில் முன்பல் உதட்டைக் கிழித்துக்கொண்டு வந்து மண்ணில் விழுந்தது. நாவல்களில் முதல் ரத்தம் தெரிந்ததும் கையை இறக்குவார்கள். இவனுக்கு ரத்தத்தைப் பார்த்த பிறகுதான் சூடு பிடித்தது. விழுந்தவரை விலாவில் மிதித்தான். கடையிலிருந்த இரும்புப் பட்டையை எடுத்து முழங்காலில் இறக்கினான். பேராசிரியர் கையைத் தூக்கக்கூட இல்லை. தையற்காரர், சலவைக்காரர், மருந்துக்கடைக்காரர் எல்லோரும் பார்க்கிறார்கள் என்பதில் அந்த வலியிலும் அவருக்கு ஒரு திருப்தி. பைத்தியக்காரத்தனம்தான், இல்லை என்று யார் சொன்னது.

சத்தம் கேட்டுத் தெருமுனையிலிருந்து வந்த போலீஸ்காரர் விசாரித்தார். "யாரு பாத்தீங்க?"

தையற்காரர் ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தாராம். சலவைக்காரர் இஸ்திரிப் பெட்டியை விட்டு நிமிரவே இல்லையாம். மருந்துக்கடைக்காரர், "அது அவங்க குடும்ப விஷயம் சார்" என்று ஷட்டரைப் பாதி இறக்கினார். பேராசிரியர் தரையில் கிடந்தபடி அந்த முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். இத்தனை வருடப் படிப்பும் மண்ணாய்ப் போனது போலிருந்தது.

"கால் இடறி விழுந்துட்டாரு சார்," என்றான் கணவன்.

எதிர்வீட்டுக் கதவு திறந்தது. தங்கை செருப்புகூடப் போடாமல் தெருவைக் கடந்து வந்தாள். குனிந்து, அண்ணனின் பல்லை மண்ணிலிருந்து எடுத்து உள்ளங்கையில் வைத்துக்கொண்டாள்.

"நீ என்னம்மா சொல்ற? விழுந்தாரா?" என்றார் போலீஸ்காரர்.

திறந்திருந்த ஒற்றைக் கண்ணால் கணவனை நேராகப் பார்த்தாள்.

"விழல சார். இவருதான் அடிச்சாரு. நான் பாத்தேன்." பிறகு மூடிய கண்ணைத் தொட்டுக் காட்டினாள். "இதுவும் வழுக்கி விழுந்தது இல்ல."