கருமாதி பேனரில் என் சட்டை

மனைவியின் கருமாதியன்று காலை எங்கள் உறுவையாறு வீட்டு வாசலில் இரண்டு பேனர்கள் கிடந்தன. அவளுடைய தம்பி கொண்டுவந்த பேனரில் அவள் கோதுமை நிறத்தில் இருந்தாள். கன்னத்து மச்சங்கள் மூன்றையும் கடைக்காரர் துடைத்துவிட்டிருந்தார்.

மற்றது என் மகள் எடுத்த படம். அவள் புகைப்படக் கலைஞர். கறுப்பு நிறத்தையும் பெண் உடம்பையும் ஊர் எப்படிப் பார்க்கிறது என்பதைத்தான் படங்களிலும் குறும்படங்களிலும் காட்டுகிறாள். இந்தப் பேனரில் மனைவி நடவு வயலில், புடவைக்கு மேல் என் பழைய சட்டையோடு, தன் கறுப்பிலேயே நின்றாள்.

“இன்னாடி இது? செத்தும் எங்கக்கா ஆம்பள சட்டையிலதான் நிக்கணுமா? கறுப்புன்னு ஊருக்கே தெரியும், பேனர்ல வேற போடணுமா?” என்று மைத்துனன் கத்தினான்.

“ஊருக்கே தெரிஞ்சத யாருக்கு மாமா மறைக்கிற?” என்றாள் மகள்.

“அத கட்டுனா நான் கோடி போடாம போயிடுவேன்.”

பிறந்த வீட்டார் போடும் கோடித் துணி இல்லாமல் காரியம் முடியாது. மகள் என்னையே பார்த்தாள். படத்தில் இருந்த சட்டைப் பொத்தான்களை எண்ணினேன். ஐந்து. நான்கு வெள்ளை, ஒன்று நீலம். நீலம் அவள் தைத்தது. மச்சங்களும் மூன்று இருந்தன.

“இதையே கட்டும்மா” என்றேன்.

மைத்துனன் கோடித் துணியோடு வண்டி வரைக்கும் போய்விட்டான். அங்கிருந்து திரும்பி, மகள் கட்டிய பேனரை அண்ணாந்து வெகுநேரம் பார்த்தான்.

“காலரு கிழிஞ்சிருக்கு மாமா. எங்கக்காவுக்கு ஒரு நல்ல சட்டையாவது குடுத்திருக்கக் கூடாதா?” என்றபடி வந்து கோடியை என் தோளில் போட்டான்.