மீதி இரண்டு தோப்புக்கரணம்

என் தங்கை கோசிகாவைச் செல்லம் கொடுத்துக் கெடுத்துவிட்டோம் என்று லண்டன் மனோர் பார்க்கில் சொல்லாதவர்கள் குறைவு. கொடுத்தது உண்மை. அவள் எனக்குப் பதினேழு வயது இளையவள். நான் ஜெர்மனியில் பாதி, இங்கே பாதி என்று பதினாறு வயதுவரை படித்துவிட்டுத் தையல் கடைக்குப் போனவள். அவள் பிறந்தபோது அப்பாவுக்குச் சொந்தமாகக் கடை இருந்தது, எனக்குச் சம்பளம் இருந்தது. கேட்டதை வாங்கிக் கொடுத்தோம். இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.

அவளுக்கு இப்போது பதினொரு வயது. பேருந்தில் ஏறினால் மேல்தட்டின் முன் இருக்கைக்கு ஓடுவாள். வேறு பிள்ளை முந்திவிட்டால் இறங்கும்வரை முகத்தைத் தூக்கி வைத்திருப்பாள். கரம் விளையாட்டில் தோற்றால் காய்களைச் சோபாவுக்கு அடியில் தேடவேண்டும். இங்கே பிறந்த மற்றப் பிள்ளைகள் ஆங்கிலத்தில் கதைக்க, இவள் மட்டும் தமிழில் வெளுத்து வாங்குவாள். மொழிப்பற்று என்று யாரும் நினைக்கவேண்டாம். அதிலும் முதலாவதாக வரவேண்டும், அவ்வளவுதான்.

எங்கள் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியின் ஆண்டு விழாவில் ஒரே சிறுவர் கதையைத் தவறாமல் நாடகமாகப் போடுவார்கள். ஊர்த் தலைவர் விதானையாரின் ஒரே மகள் பொற்கொடி. எல்லாவற்றிலும் தானே வெல்லவேண்டும் என்று அடம்பிடிப்பவள். படகோட்டியின் மகனைத் தள்ளி விழுத்திவிட்டு ஓட்டத்தில் வெல்கிறாள். மறுபடி ஓடும்போது தோற்கிறாள். கடைசியில் ஊரார் முன்னால் காதைப் பிடித்துக்கொண்டு மூன்று தோப்புக்கரணம் போடுகிறாள். சபை கைதட்ட, திரை மூடும்.

அந்த வேஷத்துக்கு ஆள் கிடைப்பது கஷ்டம். எங்கள் ஆட்களிடம் ஒரு பழக்கம் உண்டு. மேடையில் வைத்த பெயரை இறங்கிய பிறகும் விடமாட்டார்கள். முன்பு நடித்த ஒரு பிள்ளை இப்போது பல்கலைக்கழகம் போகிறாள். பக்கத்து ஃபாரஸ்ட் கேட் மரக்கறிக் கடையில் அவளை இன்னும் பொற்கொடி என்றுதான் கூப்பிடுகிறார்கள். அதனால் தாய்மார் யாரும் சம்மதிக்கவில்லை. கோசிகா தானாகவே கையை உயர்த்தினாள்.

“பேர் ஒட்டினால் பிறகு கழட்டேலாது, பிள்ளை,” என்றார் அம்மா.

“அவளுக்குத்தானே அம்மா கூட வசனம்.”

ஓடும்போது காலில் தட்டாதபடி விளிம்பை உயர்த்தி, பாவாடையை நானே தைத்தேன். இரண்டு முறை பிரித்துத் தைத்தேன். ஒத்திகையில் அவளுக்கு எல்லாம் வந்தது, தோற்பதுகூட. தோப்புக்கரணம் மட்டும் வரவில்லை. அந்த இடம் வந்தால் தண்ணீர் குடிக்கப் போய்விடுவாள்.

ஒருநாள் இடுப்புப் பட்டியை அளந்துகொண்டிருந்தபோது கேட்டாள்.

“தள்ளினது பிழை. வெல்ல ஆசைப்பட்டதும் பிழையோ அக்கா?”

கதை அப்படித்தான் என்றேன். அந்தப் பதில் அவளுக்குப் போதவில்லை. நாடகம் பழக்கும் ஜெகதீஸ்வரி ரீச்சரிடமே போய், தோப்புக்கரணம் எதற்கு என்று கேட்டாள். கதையில் உள்ளபடி மூன்றும் போடவேண்டும், முடியாவிட்டால் வேஷத்தை வேறு பிள்ளைக்குக் கொடுக்கிறேன் என்றார் அவர். கோசிகா ஒன்றும் சொல்லவில்லை. ரீச்சர் அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டார். என் தங்கையை அறிந்த யாரும் அப்படி எடுத்திருக்கமாட்டார்கள்.

விழாவன்று மண்டபம் நிறைந்திருந்தது. படகோட்டியின் மகனாக மிதுலன். இரண்டாம் முறை இருவரும் மேடையைச் சுற்றி ஓடினார்கள். கோசிகா எவ்வளவு வேகமாக ஓடுவாள் என்று எனக்குத் தெரியும். பல்லைக் கடித்துக்கொண்டு காலை மெதுவாக வைத்தாள். ஒழுங்காகத் தோற்றாள். ஊராராக நின்ற பிள்ளைகள் சுற்றி வந்தார்கள். அவள் நடுவில் வந்து காதைப் பிடித்தாள். பிறகு சபையை விட்டுவிட்டு மிதுலன் பக்கம் திரும்பினாள்.

“உன்னைத் தள்ளி விழுத்தினதுக்கு,” என்று சொல்லி ஒன்று போட்டாள். முழங்கால் மடிய, முறையாக.

எழுந்தாள். காதிலிருந்து கையை எடுத்தாள்.

“மற்ற ரெண்டும் போடமாட்டன். ஓட ஆசைப்பட்டதுக்கு ஒருத்தரிட்டையும் மன்னிப்புக் கேக்கத் தேவையில்லை.”

பின்னால் யாரோ சிரித்தார்கள். திரை அவசரமாக மூடப்பட்டது. நடித்த பிள்ளைகள் எல்லாருக்கும் பரிசுக் கிண்ணம் கொடுப்பது வழக்கம். கோசிகாவின் முறை வந்ததும் ரீச்சர் கிண்ணத்தைத் தன் கையிலேயே வைத்துக்கொண்டு, மீதி இரண்டையும் இப்போது போட்டுவிட்டு வாங்கிக்கொள் என்றார். கோபமாகச் சொல்லவில்லை, சிரித்துக்கொண்டுதான் சொன்னார். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

கிண்ணம் என்றால் அவளுக்கு உயிர். வீட்டில் அவற்றுக்காகவே அப்பா ஒரு தட்டு அடித்துக் கொடுத்திருக்கிறார். போட்டுவிட்டு வா என்று அம்மா முன்வரிசையிலிருந்து கையைக் காட்டினார். நான் அம்மாவின் கையைப் பிடித்து மடியில் வைத்தேன். கோசிகா அந்தக் கிண்ணத்தையே பார்த்தாள், நெடுநேரம். அவள் முழங்கால் மடியப் போகிறது என்று ஒரு கணம் நானே நினைத்தேன். அவள் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு படியிறங்கி வந்துவிட்டாள்.

வெளியே வந்த பிறகுதான் அழுதாள். சாதாரண அழுகை இல்லை. பேருந்துத் தரிப்பிடத்தில் நின்றவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். வளர்த்த லட்சணம் என்று எங்கள் பள்ளிக்கூடத்துப் பெற்றோர் ஒருவர் எனக்குக் கேட்கும்படியே சொன்னார். ஓம், நாங்கள் வளர்த்த பிள்ளைதான் என்று நானும் அவருக்குக் கேட்கும்படி சொன்னேன்.

பேருந்தில் மூக்கைத் துடைத்துக்கொண்டு என்னிடம் திரும்பினாள்.

“மிதுலனுக்குக் குடுத்தது பெரிசோ?”

“இல்லை. எல்லாருக்கும் ஒரே அளவுதான்.”

“முதல் வந்த ஆளுக்கும்?”

“ஓம்.”

மூக்குத் துடைத்த கைக்குட்டையை என்னிடமே நீட்டினாள்.

“அப்ப எனக்கு அது தேவையில்லை,” என்றாள்.