சுவரில் அடித்த டிகாஷன்

சுயாதீனப் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்கிறவன் என்று சொல்லிக்கொள்ளவே இப்போது நாக்கு கூசுகிறது. பெரிய கம்பெனிக்காரன் செட் போட்டு ஏமாற்றுவான், நாங்கள் உள்ளதை உள்ளபடி எடுப்போம் என்று எத்தனை இடத்தில் பீற்றிக்கொண்டிருக்கிறேன். த்தூ.

வறுமையில் வாடும் விவசாயக் குடும்பத்துக் கதை ஒன்று. அடி அண்ணாமலை கிராமத்தில் இருக்கும் பெரியம்மா மகள், எனக்கு அக்கா, அவள் வீட்டைத்தான் அந்தப் படத்துக்குக் கேட்டு வாங்கினேன். அப்போதே அவள் சொன்னாள்: "ஞாயித்துக்கிழமை பாப்பாவைப் பொண்ணு பாக்க வராங்க. அதுக்குள்ள முடிச்சிடுவ இல்ல?" வெள்ளிக்கிழமையே முடிந்துவிடும் என்றேன்.

போய்ப் பார்த்தால் ஹால் முழுக்க புது இளம்பச்சைப் பெயிண்ட். மாப்பிள்ளை வீட்டாருக்காக அடித்தது. இயக்குநர் முகத்தைச் சுளித்தார். "ஏழை வீடு மாதிரியே இல்லையே." வழி சொன்ன புண்ணியவான் நான்தான். டீ டிகாஷனைத் தெளித்து, கரித்தூளைத் தேய்த்தால் கேமராவுக்குப் பழைய சுவராகிவிடும். "தொடைச்சா போயிடுமா தம்பி?" என்றாள் அக்கா. "ஈரத்துணி போதும்க்கா" என்றேன். ஒரு மூலையில் தேய்த்துப் பார்க்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. ஜன்னல் வெளிச்சம் அந்த அழுக்கின் மேல் சாய்வாக விழுந்தபோது சொக்கிப்போய் நின்றேன், வெட்கம் கெட்டவன்.

கறை போகவில்லை. தேய்க்கத் தேய்க்கப் பெயிண்ட்தான் உரிந்து வந்தது. சனிக்கிழமை மறுபடி பெயிண்ட் அடித்தோம். அதையும் மீறி மஞ்சளாகக் கசிந்து நின்றது.

மறுநாள் தாய்மாமன் என்ற முறையில் நானும் ஹாலில் உட்கார வேண்டும். எங்கே உட்கார்ந்தால் கறை மறையும் என்று கோணம் பார்த்து நாற்காலியைப் போட்டேன். என் தொழில்திறமை அன்றைக்கு அதற்குத்தான் பயன்பட்டது. காபித் தட்டை வாங்க எழுந்தேன், அவ்வளவுதான், மாப்பிள்ளையின் அம்மா சுவரைப் பார்த்துவிட்டார். "மழைக்கு ஜாஸ்தி ஒழுகுமாங்க?" உண்மையைச் சொல்ல வாயெடுத்தேன். அக்கா கண்ணாலேயே தடுத்தாள். சினிமாக்காரர்கள் வந்துபோன வீடு என்று தெரிந்தால் பெண்ணைப் பற்றி வேறு பேச்சு கிளம்புமே என்ற பயம். "ஆமாங்க, கொஞ்சம் ஒழுகும்" என்றாள். சொல்லி அனுப்புகிறோம் என்று போனவர்கள் சொல்லி அனுப்பவே இல்லை.

சில மாதம் கழித்து, செங்கம் ரோட்டில் ஒரு சின்ன ஹாலில் படத்தைப் போட்டோம். நான் கூப்பிட்டதற்காக அக்காவும் மகளும் வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார்கள். படம் முடிந்ததும் ஒருவர் எழுந்தார். "அந்தச் சுவர் ஒண்ணு போதும் சார், அவ்ளோ நிஜம். எங்க புடிச்சீங்க அந்த வீட்டை?"

மைக் என் கையில் இருந்தது. "எங்க அக்கா வீடுதாங்க. எதையும் தொடலை. இருந்தது இருந்தபடி எடுத்தோம்" என்றேன்.

எல்லாரும் கைதட்டினார்கள். அக்கா மகள் நிமிர்ந்து என்னை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு அவளும் கைதட்டினாள்.